ஹேக்கர், கொந்தர், ஆள்மாறாட்டக்காரன்: நெல்லை வட்டாரத்தில் எந்தச் சொல்லால் சொல்லிக் கொடுப்பது?

இணைய மோசடியைப் பற்றி நெல்லைச் சீமையில் ஒரு வகுப்பு எடுக்கவோ, நூலகச் சுவரில் ஒட்ட ஒரு நோட்டீஸ் எழுதவோ உட்காருகிறவர் பாடத்துக்கு முன்னால் சொற்களை முடிவு செய்தாக வேண்டும். இந்தத் துறையின் சொற்கள் ஏறக்குறைய எல்லாமே ஆங்கிலத்தில் பிறந்தவை. ஹேக்கர், ஃபிஷிங், மால்வேர், ட்ரோஜன், ரான்சம்வேர், ஸ்பூஃபிங் என்று பட்டியல் நீண்டுகொண்டே போகும். இவற்றை அப்படியே தமிழ் எழுத்தில் எழுதிவிடலாம். ஹேக்கருக்குக் கொந்தர், ஃபிஷிங்குக்குத் தூண்டிலிடல், கெடுதல் செய்ய எழுதிய மென்பொருளான மால்வேருக்குத் தீநிரல் என்று ஆர்வலர்கள் ஆக்கி வைத்திருக்கும் கலைச்சொற்களைக் கொடுக்கலாம். இரண்டையும் விட்டுவிட்டு, ஊரில் ஏற்கெனவே புழங்கும் மோசடி, ஆள்மாறாட்டம், மிரட்டல், வேவு போன்ற சொற்களை வைத்தே விளக்கலாம். இப்படி மூன்று வழிகள் இருக்கின்றன.

இதை மொழிப்பற்றை வைத்து மட்டும் முடிவு செய்யக் கூடாது என்பது என் எண்ணம். மேலப்பாளையத்திலோ முக்கூடலிலோ பீடி சுற்றும் ஒரு அக்காவின் கணக்கிலிருந்து பணம் போய்விட்டது என்று வைத்துக்கொள்வோம். அடுத்த பத்து நிமிடத்தில் அவர் யாரிடமோ எதையோ சொல்லியாக வேண்டும். அவர் வாயிலிருந்து வரும் அந்த ஒரு சொல் அவரைச் சரியான வேலைக்கு அனுப்புகிறதா என்பதுதான் நான் வைக்கும் சோதனை.

இப்போது வரும் சொல் பெரும்பாலும் இதுதான்: “என் போனை ஹேக் பண்ணிட்டாங்க அண்ணாச்சி, ரூவா போயிட்டு.” இந்த ஒரு வாக்கியத்துக்குள் குறைந்தது நான்கு வெவ்வேறு சம்பவங்கள் ஒளிந்திருக்கும். வங்கியிலிருந்து பேசுவதாகச் சொன்னவனிடம் ஓடிபியைச் சொல்லியிருக்கலாம். வாட்ஸ்அப்பில் கல்யாணப் பத்திரிகை என்ற பெயரில் வந்த ஏபிகே கோப்பை, அதாவது போனில் செயலியை நிறுவும் கோப்பை, அழுத்தியிருக்கலாம். அவருடைய எண்ணுக்கு வேறு யாரோ புது சிம் வாங்கியிருக்கலாம். கைரேகையைப் போலியாக வைத்து ஆதார் வழியே பணம் எடுத்திருக்கலாம். நான்குக்கும் உடனே 1930 என்ற உதவி எண்ணுக்கும் வங்கிக்கும் அழைக்க வேண்டும், அது பொது. ஆனால் அதற்கு அடுத்த வேலை ஒவ்வொன்றுக்கும் வேறு. ஏபிகே என்றால் அந்தப் போனில் இணையத்தை அணைத்துவிட்டு இன்னொரு போனிலிருந்து பேச வேண்டும். சிம் என்றால் தொலைபேசி நிறுவனத்திடம் ஓட வேண்டும். கைரேகை என்றால் ஆதாரில் பயோமெட்ரிக்கைப் பூட்ட வேண்டும். ‘ஹேக்’ என்ற சொல் இவற்றில் எதையும் காட்டிக் கொடுப்பதில்லை.

பணம் திரும்ப வருமா என்பதும் இதையே பொறுத்தது. 2017 ஜூலையில் ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை இழப்பை யார் ஏற்பது என்று பிரித்துச் சொல்கிறது. வங்கியின் குறையால் போனால் வாடிக்கையாளருக்குப் பொறுப்பே இல்லை. வங்கி மீதும் தவறில்லை, வாடிக்கையாளர் மீதும் தவறில்லை, நடுவில் எங்கோ ஓட்டை விழுந்தது என்றால் 3 வேலைநாட்களுக்குள் தெரிவித்தவருக்கு இழப்பில்லை. 4 முதல் 7 வேலைநாட்களுக்குள் என்றால் ஒரு வரம்பு வரை அவர் தாங்க வேண்டும். ரகசிய விவரத்தைத் தானே கொடுத்துவிட்டிருந்தால், வங்கிக்குத் தெரிவிக்கும் நிமிடம் வரை போன பணம் அவர் தலையில்தான் விழும். தெரிவித்த பிறகு போவது வங்கியின் பொறுப்பு. ஆக, என்ன நடந்தது என்பதைச் சரியாகவும் சீக்கிரமாகவும் சொல்லத் தெரிந்திருப்பது இங்கே பண விஷயம்.

முதல் வழி, ஆங்கிலச் சொற்கள். பாளையங்கோட்டைக் கல்லூரி மாணவர்களுக்கும், மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தில் கணினி படிப்பவர்களுக்கும், கங்கைகொண்டானிலோ தென்காசி பக்கம் மத்தளம்பாறையிலோ மென்பொருள் வேலைக்குப் போகப் போகிறவர்களுக்கும் இதைத் தவிர வேறு வழி கிடையாது. அவர்களுடைய தேர்வு, நேர்முகம், அலுவலக அறிக்கை எல்லாம் ஆங்கிலத்தில்தான். இந்தியாவின் கணினி அவசரநிலை அமைப்பான செர்ட்-இன் 2022 ஏப்ரலில் போட்ட உத்தரவுப்படி, ஒரு நிறுவனம் தன் கணினியில் நடந்த சம்பவத்தை அறிந்த 6 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். எந்த வகைச் சம்பவம் என்பதற்கு அந்த உத்தரவே ஒரு பட்டியல் தருகிறது. அந்த நேரத்தில் அகராதி புரட்டிக்கொண்டிருக்க முடியாது.

இவர்களுக்குச் சொல்லும்போது நுணுக்கமாகவே சொல்ல வேண்டும். வைரஸ் வேறொரு கோப்பில் ஒட்டிக்கொண்டு, யாராவது அதைத் திறக்கும்போது பரவுவது. வோர்ம் யார் கையும் படாமல் வலையமைப்பில் தானே ஊர்ந்து போவது. ட்ரோஜன் நல்ல மென்பொருள் வேஷத்தில் வந்து உட்கார்ந்துகொள்வது. ராபர்ட் மோரிஸ் என்ற அமெரிக்க மாணவர் 1988 நவம்பர் 2 அன்று இணையத்தில் விட்டது வோர்ம். அன்றைக்கு இணையம் எவ்வளவோ சின்னதாக இருந்தும், சுமார் 6,000 கணினிகள் திணறியதாக மதிப்பிட்டார்கள். 2017 மே மாதம் உலகத்தைக் கலக்கிய வான்னாக்ரை, வோர்மாகப் பரவி ரான்சம்வேராகப் பணம் கேட்டது. எப்படிப் பரவுகிறது என்பதற்கு ஒரு சொல், வந்த பிறகு என்ன செய்கிறது என்பதற்கு இன்னொரு சொல் என்று மாணவர் பிரித்துப் புரிந்துகொண்டால் பட்டியலில் பாதிக் குழப்பம் தீர்ந்துவிடும். அகர வரிசையில் ஐம்பது சொற்களை மனப்பாடம் செய்யச் சொல்லும் வகுப்புகளைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது.

தாக்குகிறவர்களின் பெயர்களும் அப்படித்தான். பிளாக் ஹாட் (கெடுதலுக்காக நுழைபவர்), ஒயிட் ஹாட் (அனுமதி வாங்கிச் சோதிப்பவர்), கிரே ஹாட் (அனுமதியில்லாமல், ஆனால் கெடுக்கும் நோக்கமும் இல்லாமல் நுழைபவர்) என்பவை அனுமதியையும் நோக்கத்தையும் வைத்துப் போட்ட பெயர்கள். ஸ்கிரிப்ட் கிட்டி என்பது திறமையை வைத்து: அடுத்தவர் எழுதிய கருவியை எடுத்து என்னவென்று தெரியாமலே ஏவுகிறவன். இன்சைடர் என்பது இருக்கும் இடத்தை வைத்து: அலுவலகத்துக்கு உள்ளேயே சம்பளம் வாங்கிக்கொண்டு இருப்பவர். ஹாக்டிவிஸ்ட் கொள்கைக்காகத் தாக்குகிறவர். ஏபிடி என்று சுருக்கிச் சொல்லப்படும் குழுக்கள் பெரும்பாலும் ஏதோ ஒரு நாட்டின் ஆதரவோடு, மாதக்கணக்கில் சத்தமில்லாமல் உள்ளே இருப்பவை. ஹேக்கர் என்ற சொல் 1960களின் அமெரிக்கப் பல்கலைக்கழகங்களில் கெட்டிக்காரர் என்ற பொருளில்தான் புழங்கியது. எத்திக்கல் ஹேக்கிங் (அனுமதியோடு ஓட்டை தேடிச் சொல்லும் வேலை) படிக்கிறேன் என்று ஒரு பையன் வீட்டில் சொன்னால் அம்மா பயப்படுவதற்கு, அந்தச் சொல் இங்கே திருட்டுக்கு மட்டும் பெயராகிப் போனதுதான் காரணம்.

ஆனால் இதே ஆங்கிலப் பட்டியலை மகளிர் குழுக் கூட்டத்துக்கு எடுத்துப் போனால் அது பாரமாகிவிடும். மின்னஞ்சலில் வந்தால் ஃபிஷிங், குறுஞ்செய்தியில் வந்தால் ஸ்மிஷிங், குரலில் வந்தால் விஷிங், கியூஆர் கோடில் வந்தால் குயிஷிங் என்று எந்த வாசலில் வந்தது என்பதை வைத்து ஆங்கிலம் பெயர் பிரிக்கிறது. ஏமாந்து அவதிப்படுகிறவருக்கு இந்தப் பிரிவால் ஒரு பயனும் இல்லை. நான்கிலும் ஒருவன் இன்னொருவன் வேஷம் போட்டு ரகசியத்தைப் பிடுங்குகிறான், அவ்வளவுதான்.

இரண்டாவது வழி, ஆக்கிய தமிழ்ச் சொற்கள். இவற்றை உருவாக்கியவர்கள் மீது எனக்கு உண்மையான மரியாதை உண்டு. கணினி தமிழில் பேச வேண்டும் என்று சம்பளமில்லாமல் உழைத்தவர்கள் அவர்கள். சில சொற்கள் நன்றாகவே நிற்கின்றன. வைரஸை நச்சுநிரல் என்றால் முதல் தடவை கேட்பவருக்கே பாதி புரிந்துவிடுகிறது. உளவு மென்பொருள், போலித் தளம், கடவுச்சொல் திருட்டு எல்லாம் விளக்கமே கேட்காத சொற்கள். தமிழ் வழியில் படிக்கும் பள்ளிப் பிள்ளைகளுக்கு இவற்றைக் கட்டாயம் கொடுக்க வேண்டும். வெறும் ஒலியாக ட்ரோஜன் என்று மனப்பாடம் செய்கிற பிள்ளைக்கும், வேஷம் போட்டு வந்த தீநிரல் என்று புரிந்துகொள்கிற பிள்ளைக்கும் பின்னால் சிந்தனையிலேயே வித்தியாசம் தெரியும்.

சிக்கல் எங்கே என்றால், ஆங்கிலச் சொல்லை முன்னால் வைத்துக்கொண்டு வார்த்தைக்கு வார்த்தை பெயர்த்தவற்றில். சேவை மறுப்புத் தாக்குதல் என்பதைக் கேட்டால் ஏதோ அலுவலகத்தில் சான்றிதழ் தர மறுத்தார்கள் என்றுதான் தோன்றும். பொய்க் கூட்டத்தைத் திரட்டி ஓர் இணையதளத்தின் கதவை அடைத்து, உண்மையாக வந்தவர் உள்ளே போக முடியாமல் செய்வது என்று ஒரு வரி கூடுதலாகச் சொன்னால் வேலை முடிந்தது. கொந்தர் என்பது தமிழ் விக்கிப்பீடியாவில் இருக்கிறது, கட்டுரைகளில் வருகிறது. ஆனால் பாதிக்கப்பட்டவர் 1930க்கு அழைத்து “கொந்தர் கொந்திட்டார்” என்று சொன்னால் எதிர்முனையில் இருப்பவர் மறுபடி கேட்பார். அந்த நேரத்தில் அரை நிமிடம்கூட வீணாகக் கூடாது. பணம் ஒரு கணக்கிலிருந்து அடுத்த கணக்குக்குத் தாவிக்கொண்டே இருக்கும்.

இன்னொன்று, பெயர்ப்பு சில இடங்களில் ஆபத்தாகவும் முடிகிறது. ‘டிஜிட்டல் அரெஸ்ட்’ என்று மோசடிக் கும்பலே ஒரு பெயரைக் கட்டி விட்டது. போலீஸ் உடையில் வீடியோ அழைப்பில் வந்து, உங்கள் பெயரில் போதைப் பொட்டலம் வந்திருக்கிறது, கேமராவை விட்டு நகரக் கூடாது என்று மிரட்டிப் பணத்தைக் கறப்பார்கள். இந்தியச் சட்டத்தில் அப்படி ஒரு கைதே கிடையாது. 2024 அக்டோபரில் பிரதமரே வானொலியில் இதைச் சொல்லும் அளவுக்கு அது பரவியிருந்தது. இதை ‘மின்னணுக் கைது’ என்று தமிழாக்கி நோட்டீஸில் போட்டால், அப்படி ஒன்று இருக்கிறது போலிருக்கே என்று படிப்பவர் நம்புவார். சுத்தமான தமிழ் அந்தப் பொய்க்கு அரசாங்க முத்திரை குத்திவிடும். ‘போலிப் போலீஸ் மிரட்டல்’ என்று எழுதுவதே சரி. இதில் எனக்கு இரண்டாவது கருத்து இல்லை.

கூடங்குளத்தையும் இங்கே சொல்லியாக வேண்டும், அது நம் மாவட்டத்து விஷயம். 2019 செப்டம்பர் 4 அன்று, கூடங்குளம் அணுமின் நிலையத்தை நடத்தும் இந்திய அணுமின் கழகத்தின் கணினியில் மால்வேர் இருப்பதாக செர்ட்-இன் தகவல் கொடுத்தது. அக்டோபர் கடைசியில் செய்தி வெளியே கசிந்தது. 29ஆம் தேதி, அணுஉலையின் கட்டுப்பாட்டு அமைப்புகள் வெளி வலையமைப்போடு இணைக்கப்படாதவை, அவற்றின் மீது சைபர் தாக்குதல் சாத்தியமில்லை என்று நிலையத்திலிருந்து மறுப்பு வந்தது. மறுநாளே, மால்வேர் கண்டுபிடிக்கப்பட்டது உண்மைதான், நிர்வாக வேலைக்காக இணையத்தோடு இணைந்திருந்த ஒரு கணினியில் அது இருந்தது, முக்கியமான உள் வலையமைப்பு அதிலிருந்து பிரிக்கப்பட்டது என்று கழகம் ஒப்புக்கொண்டது. இரண்டு அறிக்கைகளையும் சேர்த்துப் படித்தால், முதல் நாள் ‘தாக்குதல்’ என்ற சொல்லைப் பிடித்துக்கொண்டு மறுத்தார்கள், இரண்டாம் நாள் ‘மால்வேர்’ என்ற சொல்லை வைத்து ஒப்புக்கொண்டார்கள் என்பது தெரியும்.

ராதாபுரம், இடிந்தகரைப் பக்கம் இருப்பவருக்கு இதை எப்படிச் சொல்வது? ‘அணுஉலையை ஹேக் பண்ணிட்டாங்க’ என்றால் ஊரே உறங்காது, அது உண்மையும் இல்லை. ‘தீநிரல் தொற்று’ என்றால் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். அங்கே கண்டதாகச் சொல்லப்பட்ட டிட்ராக் வகை நிரல் தட்டச்சு செய்வதையும், பார்த்த இணையப் பக்கங்களையும், கணினியில் உள்ள கோப்புகளின் பட்டியலையும் சேகரிப்பது. ‘அலுவலகக் கணினியில் வேவு பார்க்கும் நிரல் புகுந்திருந்தது’ என்று சொன்னால் அளவு சரியாக இருக்கிறது. உலை வெடிக்குமா என்ற பயம் குறைகிறது. வேவு பார்த்தவன் யார், எதை எடுத்தான், எதற்கு எடுத்தான் என்ற நியாயமான கேள்வி எழுகிறது. வேவு என்பது யாரும் புதிதாகச் செய்த சொல் இல்லை, நம் எல்லாருக்கும் சின்ன வயதிலிருந்தே தெரிந்தது.

மூன்றாவது வழிக்கு என் ஆதரவு இங்கிருந்துதான் தொடங்குகிறது. காவல் நிலையமும் நீதிமன்றமும் பத்திரப்பதிவு அலுவலகமும் பல தலைமுறைகளாக நம் ஊர்களில் சில சொற்களைப் பழக்கிவிட்டிருக்கின்றன. ஆள்மாறாட்டம் என்றால் எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் தெரியும். நிலத் தகராறு பார்த்த ஊர்க்காரர் யாரும் அதற்கு விளக்கம் கேட்க மாட்டார். இணைய மோசடிகளில் பெரும் பகுதி இந்த ஒரு சொல்லுக்குள் அடங்கிவிடுகிறது. வங்கி மேலாளர் வேஷம், மின்வாரிய ஊழியர் வேஷம், கொரியர் கம்பெனி வேஷம், துபாயில் இருக்கும் மகனின் நண்பன் வேஷம், எல்லாம் ஆள்மாறாட்டம்தான். சட்டமும் அதையே சொல்கிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66டி பிரிவு, கணினி வழியாக ஆள்மாறாட்டம் செய்து ஏமாற்றுவதைப் பற்றியது. அடுத்தவரின் கடவுச்சொல், மின் கையொப்பம் போன்ற அடையாளத்தைத் திருடிப் பயன்படுத்துவது 66சி. இரண்டுக்கும் 3 ஆண்டு வரை சிறையும் 1 லட்சம் ரூபாய் வரை அபராதமும் உண்டு. எனவே “வங்கி ஆள் மாதிரி ஆள்மாறாட்டம் பண்ணி ஓடிபி வாங்கிட்டான்” என்று ஒருவர் சொன்னால், புகார் எழுதுகிறவருக்கு வகையும் பிரிவும் சேர்ந்தே கிடைத்துவிடுகிறது.

இதைவிட எனக்கு முக்கியமாகப் படுவது வெட்கம். ஏமாந்துவிட்டேன் என்று சொல்ல நம் ஊரில் யாருக்கும் மனசு வராது. அதிலும் வெளிநாட்டிலிருந்து கணவர் அனுப்பிய காசு என்றால் சொல்லவே மாட்டார்கள். ‘ஹேக் பண்ணிட்டாங்க’ என்பதை மக்கள் பிடித்துக்கொண்டதே அதனால்தான். அதில் தன் கை எங்கும் இல்லை, ஏதோ கண்காணாத வித்தை நடந்துவிட்டது என்று ஆகிவிடுகிறது. ஆனால் அந்த ஒளிவு, விசாரிப்பவருக்கு உண்மையை மறைத்துவிடுகிறது. ஆள்மாறாட்டம் என்ற சொல் உண்மையையும் சொல்கிறது, பழியையும் செய்தவன் மேலேயே போடுகிறது. பாதிக்கப்பட்டவர் தலை குனியாமல் சொல்ல ஒரு சொல் கொடுப்பது வகுப்பு எடுப்பவரின் கடமை என்றே நினைக்கிறேன்.

மிரட்டிப் பணம் பறித்தல், போலி ரசீது, கள்ளக் கையெழுத்து, வேவு, நாசவேலை எல்லாம் இப்படியே கை கொடுக்கும். கோப்புகளைப் பூட்டிவிட்டு, திறக்கக் காசு கேட்கிறான் என்றால் ரான்சம்வேர் விளங்கிவிடும். 2022 நவம்பரில் டெல்லி எய்ம்ஸ் மருத்துவமனையில் கோப்புகள் அப்படிப் பூட்டப்பட்டுப் பல நாள் எல்லாம் கையால் எழுதினார்கள் என்று சேர்த்துச் சொன்னால், பாளையங்கோட்டை ஹைகிரவுண்டு அரசு ஆஸ்பத்திரியில் சீட்டு வாங்க நிற்கும் எவருக்கும் அதன் கனம் தெரியும்.

ஆனாலும் பழைய சொற்களால் எல்லா இடத்துக்கும் போய்ச் சேர முடியாது. ஏபிகே கோப்புக்கும் சிம் மாற்றத்துக்கும் நம் பாட்டன் காலத்துச் சொல் எதுவும் கிடையாது. திருட்டு என்று பொதுவாகச் சொன்னால் ஹேக்கைப் போலவே அதுவும் எல்லாவற்றையும் மூடிவிடும். இந்த இடங்களில் ஓடிபி, லிங்க், ஏபிகே, சிம், பின் நம்பர் ஆகியவற்றை அப்படியே வைத்துக்கொள்வதுதான் நல்லது. அவை மக்கள் வாயில் ஏற்கெனவே இருக்கின்றன. தாக்குதலின் பெயர் தமிழில், எந்தப் பொருள் வழியாக நடந்தது என்பது புழங்கும் ஆங்கிலச் சொல்லில். ‘ஏபிகே அனுப்பி வேவு’, ‘சிம் மாத்தி ஆள்மாறாட்டம்’, ‘லிங்க் போட்டுப் போலித் தளம்’ என்று இணைத்துச் சொன்னால் என்ன நடந்தது, அடுத்து எங்கே ஓட வேண்டும் என்ற இரண்டுமே தெரிந்துவிடும்.

ஆகவே என் முடிவு கேட்பவரைப் பொறுத்துப் பிரிகிறது. கல்லூரிக்கு ஆங்கிலச் சொற்கள், வகை பிரித்து. தமிழ்வழிப் பள்ளிக்கு ஆக்கிய சொல்லும் ஆங்கிலமும் பக்கத்தில் பக்கத்தில். மகளிர் குழு, பீடிக் கடை, ரேஷன் கடை நோட்டீஸ், பஞ்சாயத்து அலுவலகம் என்றால் சந்தேகமே இல்லாமல் மூன்றாவது வழி.

தாக்குகிறவனை என்ன சொல்லி அழைப்பது என்பது மட்டும் இன்னும் பாக்கி. களவாணி என்பது நம் பக்கம் பிள்ளையைச் செல்லமாகத் திட்டவும் பயன்படுவது, அதில் கனம் பத்தாது. ஹேக்கர் என்றால் அமானுஷ்யத் திறமை உள்ளவன் மாதிரி ஒரு பிரமிப்பு வந்துவிடுகிறது. நிஜத்தில் பெரும்பாலும் அது ஒரு கும்பல்: பேச ஒருவன், பேசுவதை எழுதிக் கொடுக்க ஒருவன், பணத்தை நகர்த்த ஒருவன். பேசுகிறவனே சில வேளை அடைபட்டுக் கிடப்பவன். டேட்டா என்ட்ரி வேலை, ஐடி வேலை என்று ஆசை காட்டி அழைத்துப் போய் மியான்மரில் மோசடி வேலைக்கு அடைத்து வைக்கப்பட்ட தமிழக இளைஞர்கள் 2022இல் மீட்கப்பட்டுத் திரும்பினார்கள். அதனால் ‘மோசடிக் கும்பல்’ என்பதையே நான் எழுதுவேன்.

அந்தக் கும்பலில் நம் ஊர்ப் பையன்கள் சிக்கும் இடம் பணத்தை நகர்த்தும் இடம். மோசடிப் பணம் கைமாற இரவல் கொடுக்கும் வங்கிக் கணக்கை ஆங்கிலத்தில் மியூல் அக்கவுண்ட் என்கிறார்கள். அதைக் கேட்கிற பையனுக்குத் தன்னைத்தான் சொல்கிறார்கள் என்றே உறைக்காது. ‘வாடகைக் கணக்கு’ என்று எழுதுங்கள். கமிஷனுக்காக உன் பாஸ்புக்கையும் ஏடிஎம் கார்டையும் சிம்மையும் கேட்கிறவன் மோசடிக் கும்பலின் ஆள், கொடுத்தால் போலீஸ் முதலில் தட்டுவது உன் வீட்டுக் கதவைத்தான் என்று அதன் கீழே பெரிய எழுத்தில் போடுங்கள். கல்லூரி வகுப்போ மகளிர் குழுவோ, எந்தக் கூட்டமானாலும் இந்தச் சொல்லை மட்டும் மாற்றாமல் சொல்லலாம்.